நல்ல கல்லெல்லாம் வீட்டில்

1

இந்தக் கதை எனக்குச் சும்மா கிடைத்தது. அப்போதே உஷாராகியிருக்க வேண்டும். கடைத்தெருவில் வளர்ந்தவன் நான். ஏரிக்கரைக் கோட்டை ஏன் இப்படி இடிந்து கிடக்கிறது என்று படகுக்காரரிடம் கேட்டேன். பீரங்கி, படையெடுப்பு என்று ஏதாவது அளப்பார் என நினைத்தேன்.

"நாங்கதான் சார். வீடு கட்டணும்ல?" என்றார்.

2

தொடக்கம்: 'மாலை வெயில் கோட்டையின் மீது பொன்னாக...' (வேண்டாம். இந்தச் சரக்கு எல்லாக் கடையிலும் கிடைக்கும்.)

மறுபடியும்: ஒரு கொத்தனார். கோட்டைச் சுவரைச் சுத்தியலால் தட்டுவார். கணீரென்று ஒலித்த கல்லை உருவிக்கொள்வார், மொத்தென்றதை விட்டுவிடுவார். ஊரின் வீடுகள் எல்லாம் அப்படி அவர் கட்டியவை. கடைசி வீடு மகளுக்கு.

அதன் பிறகு கோட்டைச் சுவரில் ஈரம் கசிந்தது. ஏரிக்கும் பள்ளத்திலிருந்த ஊருக்கும் நடுவே நின்றது அந்தச் சுவர் ஒன்றுதான் என்பது அவருக்கு அப்போதுதான் உறைத்தது. தண்ணீரைத் தாங்க மிச்சமிருந்தது சொத்தைக் கல்.

(இவ்வளவு காலம் தெரியாமலா இருந்தது என்பீர்கள். அந்த இடத்தில் நானும் இந்த ஆளை முழுசாக நம்பவில்லை.)

3

ஊர் கூடியது. கல்லைத் திருப்பித் தர வேண்டும் என்றார் கொத்தனார். யாரும் மறுக்கவில்லை, ஆளாளுக்கு அடுத்தவர் வீட்டைப் பார்த்தார்கள். சந்தையில் எனக்குப் பழகிய பார்வை அது: முதலில் வாய் திறப்பவன் ஏமாளி.

மளிகைக்காரர் மட்டும், "முதல்ல உங்க பொண்ணு வீட்டை இடிங்க மாமா, அப்புறம் பேசுவோம்," என்றார்.

மகள் பாத்திரங்களை ஏற்கெனவே வாசலில் எடுத்து வைத்திருந்தாள்.

"இடிச்சிடுப்பா. ஆனா ஒண்ணு சொல்லு. நாம இடிச்சா அவங்க இடிப்பாங்களா?"

[இங்கே கொத்தனாரின் பதிலைப் பலவிதமாக எழுதி அடித்தேன். அவர் சுத்தியலை எடுத்துக்கொண்டார்.]

4

முடிவுக்காகக் கதையோடு பேரம் பேசிப் பார்த்தேன். ஊர் மனம் மாறட்டும் என்றேன், படியவில்லை. மழையாவது தள்ளிப்போகட்டும் என்று இறங்கி வந்தேன், அதற்கும் மசியவில்லை.

அவர் இடித்தார். மகள் கல் சுமந்தாள். சுவரின் ஒரு மூலைக்குக்கூட அது போதவில்லை. ஊரார் வந்து பார்த்தார்கள், வேலை சுத்தம் என்றார்கள், அவரவர் வீட்டுக்குப் போய்ப் படுத்தார்கள். மகள் தார்ப்பாய்க்குக் கீழே, பாத்திரங்களோடு, சுவரடியில் இருக்கிறாள். தூறல் விழுகிறது.

தெருக்கோடி வீட்டில் மட்டும் நான் யாரையும் குடிவைக்கவில்லை. அது உங்களுக்கு. அந்த வீட்டுச் சுவரைத் தட்டிப் பாருங்கள்.

கணீரென்று கேட்கும்.