பெண்டாட்டி முடியை நேர்ந்துகொண்டவன்

முருகவேல் பெண்டாட்டி மேல் ஒருநாளும் கை ஓங்கியதில்லை. குடிப்பதில்லை. ஆட்டோ ஓட்டிச் சம்பாதிப்பதை அப்படியே வீட்டில் கொண்டுவந்து கொடுப்பான். முருகவேல் மாதிரி ஒரு மாப்பிள்ளை கிடைத்தால் போதும் என்பார்கள் கே.ஜி.கண்டிகையில் பெண்ணைப் பெற்றவர்கள். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன் கண்ணுங்களா. கெட்டவன் கதை என்றால் சொல்லவும் சுலபம், கேட்கவும் சுலபம். இது அப்படி இல்லை.

அவனுக்கு 'வேண்டாம்' என்று சொல்ல வராது. அதற்குப் பதிலாக வேறு ஏதாவது வந்துவிடும். பெண்டாட்டி பிரபாவதி தையல் வகுப்புக்குப் போகிறேன் என்றபோது, போயேன் என்றான். அன்றைக்கே நெஞ்சு வலிக்கிறது என்று படுத்துக்கொண்டான். ஆர்.கே.பேட்டையில் அம்மா வீட்டில் நாலு நாள் இருந்துவிட்டு வருகிறேன் என்றபோது, தாராளமாகப் போ என்றான். அவள் வரும்வரை சோற்றைத் தொடவில்லை என்று அக்கம்பக்கத்தார் வந்து சொன்னார்கள். தையல் நின்றது. அம்மா வீட்டுக்குப் போனால் சாயங்கால பஸ்ஸிலேயே திரும்பப் பழகிக்கொண்டாள். யாராவது தடுத்தார்களா என்று கேட்டால், இல்லையே என்றுதான் அவளும் சொல்லியிருப்பாள்.

எதிர்வீட்டு கெசியா அரக்கோணத்தில் ஒரு கண் ஆஸ்பத்திரியில் வேலை பார்க்கிறாள். அங்கே வருகிறவர்களின் பெயரைக் கேட்டுப் பதிந்து உட்காரவைக்க ஒரு ஆள் வேண்டுமென்றார்கள். கெசியா பிரபாவதியைக் கூட்டிப்போய்க் காட்டினாள். பேச்சும் சிரிப்பும் பிடித்துப்போய், திங்கட்கிழமை வந்து சேரச் சொல்லிவிட்டார்கள். முருகவேல் சந்தோஷம்தான் என்றான். ஸ்வீட் கூட வாங்கி வந்தான்.

மறுநாள் சாப்பிடும்போது சொன்னான். போன மழைக்காலத்தில் அவள் காய்ச்சலில் கண் திறக்காமல் கிடந்தபோது, பிழைத்து எழுந்தால் அவள் முடியை மலைக்கு இறக்குவதாகத் தணிகை முருகனிடம் வேண்டிக்கொண்டானாம். தள்ளிப்போட்டுக்கொண்டே வந்தானாம். ராத்திரி கனவில் சாமியே வந்து கேட்டுவிட்டாராம். வேலையில் சேருவதற்குள் முடித்துவிடலாம் என்றான்.

இடுப்பைத் தாண்டித் தொங்கும் முடி அவளுக்கு. மொட்டைத் தலையோடு புது இடத்தில், எல்லோர் கண்ணும் படுகிற நாற்காலியில் போய் உட்காருவாளா? முடி வளரட்டும் என்று அவளே தள்ளிப்போடுவாள். அதற்குள் அந்த நாற்காலிக்கு வேறு ஆள் வந்துவிடும்.

பிரபாவதி கொஞ்சம் அழுதாள். அப்புறம் நம்பினாள். அந்தக் காய்ச்சல் உண்மை. ஆஸ்பத்திரித் தரையில் உட்கார்ந்து ஈரத்துணியால் அவள் காலைத் துடைத்துக்கொண்டே இருந்தானே, அதுவும் உண்மை. ஒரு உண்மை இருந்தால் அதன் முதுகில் ஒரு பொய்யும் ஏறி உட்கார்ந்துகொள்ளும். நமக்குத் தெரிவதில்லை.

கெசியாவுக்குத்தான் பொறுக்கவில்லை. "எங்க சபையில இதெல்லாம் கெடையாதுக்கா, நான் பேசக் கூடாது. ஆனா வேண்டிகின வாய் அவுரோடது, முடி உன்னுது. இது இன்னா கணக்குன்னு மட்டும் எனுக்கு சொல்லு" என்றாள்.

முருகவேல் வீட்டில் வேண்டுதல் என்றால் மஞ்சளில் தோய்த்த துணியில் ஒரு ரூபாயை முடிந்து சாமி மாடத்தில் வைப்பார்கள். நிறைவேற்றும் அன்று அந்த முடிச்சை எடுத்துப்போய் உண்டியலில் போடவேண்டும். மாமியாருக்காக பிரபாவதி முடிந்து வைத்தது இன்னும் மாடத்தில் கிடக்கிறது, வெளுத்துச் சாம்பல் நிறமாகி. உங்கள் முடிச்சு எங்கே என்று அவள் சாதாரணமாகத்தான் கேட்டாள். வண்டியில் சாமி படத்துக்குப் பின்னால் வைத்திருக்கிறேன் என்றான். மறுநாள் கொண்டுவந்து கொடுத்தான்.

சனிக்கிழமை காலையில் மலை ஏறினார்கள். வேண்டுதல் ஆயிற்றே என்று வண்டியைக் கீழே விட்டு, படி வழியாகவே போனார்கள். அவளுக்கு வெயில் படாமல் குடை பிடித்துக்கொண்டு வந்தான் முருகவேல். மூச்சு வாங்கினால் நிறுத்தித் தண்ணீர் கொடுத்தான். முடிச்சு அவள் கைக்குள் இருந்தது.

முடி இறக்கும் மண்டபத்தில் பங்காரு என்கிறவர் கத்தியில் புது பிளேடை மாட்டிக்கொண்டே கேட்டார்: "பூமுடியாம்மா, மொட்டையா?" பூமுடி என்றால் நுனியில் கொஞ்சம் கத்தரித்துக் கொடுப்பது.

"மொட்ட" என்றான் முருகவேல்.

பிரபாவதி கொண்டையை அவிழ்க்கக் கையைத் திறந்தாள். உள்ளங்கை முழுக்க மஞ்சள். வியர்வையில் சாயம் ஊறி ரேகையெல்லாம் தெரிந்தது. மழைக்காலத்தில் முடிந்து வண்டியில் வெயிலில் கிடந்த துணி இப்படியா விடும்? மாடத்தில் வெளுத்துக் கிடக்கும் தன் முடிச்சு அவளுக்கு நினைவு வந்தது. பிறகு எழுந்து அவனைத் தூண் ஓரம் கூட்டிப்போய்க் கையை விரித்துக் காட்டினாள்.

"இது நேத்து தோச்ச துணிங்க."

பழைய துணி கிழிந்துவிட்டது, மாற்றினேன் என்றான். கனவு மட்டும் சத்தியம் என்றான். சொல்லும்போதே அவன் கை நெஞ்சுக்குப் போனது.

"நெஞ்சு வலின்னா சொல்லுங்க, கீழ ஆஸ்பத்திரிக்கு போலாம். இல்லன்னா கைய எட்துருங்க." அவள் குரல் ஏறவில்லை. "சாமிய எதுக்கு நடுவுல இஸ்துகினு வர்றீங்க? வேலைக்கி போவாதன்னு உங்க வாயால எங்கிட்ட கேளுங்க. நான் பதில் சொல்றேன்."

அவன் அப்படி யாரிடமும் எதையும் கேட்டதில்லை. கேட்டால் இல்லை என்று வந்துவிடுமே. ஆம்பளைக்கு இல்லை என்று ஒரு பதில் வந்தால் அப்புறம் என்ன மிச்சம் என்றுதான் அவன் வீட்டில் எல்லா ஆண்களும் நினைத்தார்கள். நெஞ்சிலிருந்து கையை எடுத்தான்.

"போவாத பிரபா."

"போவேங்க."

அவ்வளவுதான். பக்கத்தில் மொட்டை அடித்த குழந்தை வீரிட்டு அழுதுகொண்டிருந்தது. குரங்கு ஒன்று யாருடைய தேங்காய் மூடியையோ பிடுங்கிக்கொண்டு ஓடியது. முருகவேல் தூணில் சாய்ந்து நின்றான்.

"ஏன் சொன்னேன்னு கேக்க மாட்டியா?"

"சொல்லுங்க."

"அங்க டாக்டரு, படிச்சவங்கன்னு நாலு பேர பாப்ப. நான் ஒண்ணுமே இல்லாதவன்னு உனுக்கு தெரிஞ்சிபூடும்."

அவளுக்குக் கோபத்திலும் சிரிப்பு வந்துவிட்டது. "அது எனுக்கு கல்யாணமான மறுவாரமே தெரியும். தெரிஞ்சிகினுதான் கீறேன்."

அவன் கண் கலங்கிவிட்டது. பொய் சொன்னதற்கு நானே மொட்டை போட்டுக்கொள்கிறேன் என்று பங்காரு முன்னால் போய் உட்காரப் பார்த்தான். அவள் சட்டையைப் பிடித்து நிறுத்தினாள்.

"வேணாம். மொட்டத் தலையோட ஸ்டாண்டுல போயி நிப்பீங்க. ஊரே ஐயோ பாவம்னும். அந்தப் பாவத்தயும் நான்தான் தூக்கிகினு ரயில் ஏறணும்."

பங்காரு பொறுத்துப் பொறுத்துப் பார்த்தார். "யாராச்சும் ஒருத்தர் ஒக்காருங்க நைனா, பின்னால ஜனம் நிக்குது."

இரண்டு பேரும் உட்காரவில்லை. முடிச்சை மட்டும் உண்டியலில் போட்டுவிட்டு இறங்கினார்கள்.

ஞாயிற்றுக்கிழமை முழுக்க அவன் பேசவில்லை. அவள் சமைத்து வைத்தாள். அவனுக்காகக் காத்திராமல் வேளைக்குத் தானும் சாப்பிட்டாள். அது அவளுக்கு லேசாக இருந்தது என்று நினைக்காதீர்கள்.

திங்கட்கிழமை அவள் புடவை கட்டிக்கொண்டு வெளியே வந்தபோது ஆட்டோ வாசலில் நின்றது. கெசியாவும் ஏறிக்கொண்டாள். முருகவேல் ஸ்டேஷனில் இறக்கிவிட்டான். பிளாட்பாரத்துக்கும் கூடவே வந்தான். ரயில் வந்தது. கெசியா ஜன்னலோரத்தை பிரபாவதிக்கு விட்டுக்கொடுத்தாள். முருகவேல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றான்.

"பயமா கீதா உனுக்கு?" என்றான்.

"ஆங்" என்றாள்.

"எனுக்கும்" என்றான். ரயில் நகர்ந்தது. அவன் கம்பியிலிருந்து கையை எடுத்தான்.