பெயருக்குள் ஓர் ஆண்

என் கணவர் காமிலுக்கு மருந்துப் பெயர்கள் என்றால் பைத்தியம். பதுளைக் கடைவீதியில் எங்கள் பார்மசிக்கு வருகிறவர்கள் மாத்திரையை வாங்கிக்கொண்டு சும்மா போய்விட முடியாது. அதன் பெயரையும் வாய்விட்டுச் சொல்லிப் பழகிவிட்டுத்தான் படியிறங்க வேண்டும். எழுபத்து நான்காம் வருடம் அவருக்கு ரொம்ப வசதியாகப் போயிற்று. மருந்துகளுக்குக் கம்பெனிகள் வைத்த செல்லப்பெயர்களை விட்டுவிட்டு, இரசாயனப் பெயரால்தான் எழுத வேண்டும் என்று அரசாங்கம் சொல்லியிருந்தது. இரண்டு எழுத்தில் இருந்த மாத்திரைகளெல்லாம் ரயில் மாதிரி நீண்டுவிட்டன. வந்தவர்கள் திண்டாடினார்கள். என் மனுஷனுக்கு மட்டும் பெருநாள்.

கடைக்குப் பின்னால்தான் வீடு. சமையல் முடிந்ததும் நான் வந்து உட்கார்ந்து மாத்திரைகளைக் கடதாசி உறைகளில் போட்டுக் கொடுப்பேன். உறைமேல் பெயரைத் தமிழில் எழுதுவது அவர் வேலை. நீளமான பெயரைத் துண்டு துண்டாக வெட்டி, நடுவில் கோடு போட்டு எழுதுவார்.

"படிச்சவங்களுக்கே வாயில நுழையாத பேரு. இவங்களுக்கு என்னத்துக்கு?" என்று கேட்பேன்.

"நாளைக்குப் பசறையில ஒரு கடையில போய்க் கேக்க வேணாமா? வெள்ள மாத்திர தாங்கன்னா அவன் எதக் குடுப்பான், ஸவாஹிரா?" என்பார். அதில் நியாயம் இருந்ததால் நான் வாயை மூடிக்கொள்வேன். எனக்கு அது சுலபமான காரியமில்லை.

அப்படித்தான் ஞானசீலனுக்கும் எழுதிக் கொடுத்தார். பசறைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றில் வேலை செய்கிறவன். நெருப்புக் காய்ச்சலில் ஆஸ்பத்திரியில் கிடந்து எழுந்திருந்தான். அரிசியும் மாவும் கிடைக்காத வருடம் அது. சட்டை ஆணியில் தொங்குவது போல அவன் உடம்பில் தொங்கியது. சதை பிடிப்பதற்கு டொக்டர் ஒரு மாத்திரை எழுதியிருந்தார். மெத்தாண்ட்ரோஸ்டெனோலோன். காமில் அதை நாக்கில் ஒரு தடவை உருட்டிப் பார்த்துவிட்டு, உறைமேல் ஆசையாக எழுதினார்: மெத்-ஆண்-ட்ரோ-ஸ்டெனோ-லோன்.

கூடவே அவன் மனைவி நேசராணி வந்திருந்தாள். மூன்று பெண்களைப் பெற்றவள், நான்காவது வயிற்றில். இரண்டு மாதம் என்று சொன்னாள். காமிலும் ஞானசீலனும் பெயரைப் பாடமாக்கிக்கொண்டிருந்தபோது அவள் என் பக்கம் குனிந்து, "இதும் பொண்ணுன்னா இவரு லயத்து வீட்டுப் பக்கமே வர மாட்டாராம்க்கா. அண்ணன் தம்பி ரெண்டு பேருக்கும் சேத்து ஏழு பொண்ணாச்சு" என்றாள். சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். நானும் சிரித்தேன். எனக்கும் இரண்டு பெண்கள்தான். மாமியார் விடுகிற பெருமூச்சு எத்தனை நீளம் என்று எனக்குத் தெரியும்.

ஐந்தாம் வகுப்புவரை படித்தவள் நேசராணி. உறையைக் கையில் வாங்கி எழுத்துக்களின் மேல் விரலை வைத்து வாசித்தாள். விரல் இரண்டாம் துண்டில் நின்றது.

"ஆண்ணு போட்டிருக்கு மொதலாளி."

காமில் மாத்திரைகளை எண்ணிக்கொண்டே நிமிராமல் சொன்னார்: "ஓம், புள்ள. இது ஆம்பளைக்கு உள்ள மருந்துதான்."

அதற்குப் பிறகு ஞானசீலன் மாதாமாதம் வந்து அதே மாத்திரையை வாங்கிப் போனான். பெயரைத் தடங்கலில்லாமல் சொன்னான். காமிலுக்குப் பெருமை தாங்கவில்லை. ஆள் மட்டும் அப்படியே ஈர்க்குச்சியாக இருந்தான்.

"மாத்திரைய நீங்க திங்கிறீங்களா, ஒங்கட ஆடு திங்குதா?" என்று ஒரு நாள் கேட்டேன். அவன் வெட்கப்பட்டுக்கொண்டு தலையைச் சொறிந்தான். எனக்கு அப்போதும் ஒன்றும் தோன்றவில்லை.

பிறகு ஒரு காலை, ஒரு சீப்பு வாழைப்பழமும் கை நிறைய டொபியுமாக வந்து நின்றான். முகம் முழுக்கப் பல்.

"மொதலாளி, ஆம்பளப் புள்ள. ஒங்க மருந்து கேட்டுருச்சு."

காமிலும் சிரித்தார். "அல்ஹம்துலில்லாஹ். ஆனா உங்கட ஒடம்பு இன்னம் தேறல்லயே?"

"எனக்கில்லீங்க. நான் ஒரு மாத்திரகூடத் திங்கல. எல்லாம் அவதான் தின்னா. பேருலயே ஆணுன்னு இருக்கே, நீங்களும் ஆம்பளைக்கு உள்ளதுன்னு சொன்னீங்களே."

காமில் அப்போது ஒரு போத்தலில் இருமல் மருந்து ஊற்றிக்கொண்டிருந்தார். போத்தல் நிரம்பி மேசையெல்லாம் வழிந்தது. அவர் கை நிற்கவில்லை. ஞானசீலன் அதைக் கவனிக்காமல் பேசிக்கொண்டே போனான். அவன் அண்ணன் மனைவி றீட்டாவுக்கு நான்கும் பெண்கள். இப்போது மறுபடி உண்டாகியிருக்கிறாள். மிச்சமிருந்த மாத்திரைகளை அவளுக்குக் கொடுத்தாயிற்று, இன்னும் ஒரு பக்கட் வேண்டும் என்றான்.

உண்மையைச் சொல்கிறேன். அந்த நேரம் என் கண் ஒரு தடவை அந்த மாத்திரை இருந்த அலுமாரித் தட்டுக்குப் போய்விட்டு வந்தது. பேதைத்தனம்தான். ஆனால் போயிற்று.

காமிலின் குரல் எனக்கே அந்நியமாகக் கேட்டது. "அண்ணிய அதக் குடிக்க வேணாம்னு சொல்லுங்க. இப்பவே போய்ச் சொல்லுங்க. புள்ளயத் தூக்கிட்டு நாளைக்கே ஆஸ்பத்திரிக்கு வாங்க."

"எதுக்குங்க? நல்லாத்தானே இருக்கான்?"

"வாங்கன்னா வாங்க."

என் கணவர் ஒரு வாடிக்கையாளரிடம் அதட்டிப் பேசி நான் அதற்கு முன் கேட்டதில்லை. வாழைப்பழச் சீப்பை மேசைமேல் வைத்துவிட்டு அவன் முகம் கறுத்துப் போனான்.

ஆஸ்பத்திரியில் பிள்ளைகளைப் பார்த்தவர் யாழ்ப்பாணத்து டொக்டரம்மா. பிள்ளையின் துணியை விலக்கிப் பார்த்ததும் அவர் முகத்திலிருந்த சிரிப்பு மெல்லப் போனதாம், நேசராணி பிறகு சொன்னாள். விரலால் அங்குமிங்கும் தொட்டுப் பார்த்தார். பிறகு நேசராணியிடம், "வயித்தில பிள்ளை இருக்கேக்க என்ன குளிசை குடிச்சனீங்கள்?" என்று கேட்டார். அவள் இடுப்பிலிருந்து அந்த உறையை எடுத்து நீட்டினாள். பத்திரமாக மடித்து வைத்திருந்தாள், வேளாங்கண்ணி மாதா படத்தை வைத்திருப்பது போல.

தாயையும் பிள்ளையையும் வார்டில் நிறுத்திக்கொண்டார்கள். எக்ஸ்ரே எடுத்தார்கள். வாய்க்குள் பஞ்சால் ஒற்றி எடுத்து அதைக் கொழும்புக்கு அனுப்பினார்கள். பதில் வந்த அன்று டொக்டரம்மா அவர்களோடு காமிலையும் கூப்பிட்டனுப்பினார். பெண்கள் விஷயம் என்று காமில் என்னையும் அழைத்துப் போனார். தனியே போக அவருக்குப் பயம் என்பதே சரி.

"இது பொம்பிளைப் பிள்ளை" என்றார் டொக்டரம்மா.

பிள்ளை கொட்டாவி விட்டது.

"உள்ளுக்கு எல்லாம் பொம்பிளைப் பிள்ளைக்கு உள்ளதுதான். கருப்பையும் இருக்கு. அந்தக் குளிசை வெளியில மட்டும் ஆம்பிளைப் பிள்ளை மாதிரி ஆக்கிப் போட்டுது. பிறகு ஒப்பரேஷன் செய்யலாம். பிள்ளை சுகமா இருக்கு, அதுக்குப் பயப்பிட வேண்டாம்."

ஞானசீலன் சுவரோடு சாய்ந்து அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டான். இப்படியும் நடக்குமா, ஒரு மாத்திரை ஒரு பெண்ணை வயிற்றுக்குள்ளேயே பிடித்து இப்படி மாற்றுமா என்று நான் வாயைப் பிளந்துகொண்டு நின்றேன். நேசராணி அழுவாள் என்று நினைத்தேன். அவள் உறையைக் காட்டி, "ஆணுன்னு வாசிச்சேனேங்க" என்றாள்.

டொக்டரம்மா உறையை வாங்கி, காமிலின் அழகான எழுத்தைப் பார்த்தார். அந்த இரண்டாம் துண்டில் அவர் கண்ணும் நின்றது.

"நீங்கள் வாசிச்சது பிழையில்லை. ஆண்ட்ரோ எண்டால் கிரேக்க பாஷையிலயும் ஆண் எண்டுதான் அர்த்தம். ஆணின்ர உடம்பில ஊறுற சத்தை இரசாயனமாச் செய்து, அதுக்கு வைச்ச பேர். மெலிஞ்ச ஆக்களுக்குச் சதை வைக்கக் குடுக்கிறது. கர்ப்பிணி தொடவே கூடாது."

காமில் உறையின்மேல் விரலை வைத்தார். "எனக்குத் தெரியாது, டொக்டர். அதுக்கு அர்த்தம் ஈக்குன்னே எனக்குத் தெரியாது. சொல்லிப் பழகத்தான் பிரிச்சேன்" என்றார். இத்தனை வருடம் பெயர் பெயர் என்று உயிரை விட்ட மனுஷன். அவருக்கு அவையெல்லாம் வெறும் ஓசையாகவே இருந்திருக்கின்றன. தற்செயலாகத் தமிழில் விழுந்த இரண்டு எழுத்தும், எங்கோ கடலுக்கு அப்பாலுள்ள ஒரு பாஷையும் ஒரே சொல்லைச் சொல்லியிருக்கின்றன. எனக்கு அவர்மேல் கோபம் கோபமாக வந்தது. பாவமாகவும் இருந்தது.

"அப்ப நான் வாசிச்சது சரிதானே" என்றாள் நேசராணி.

வெளியே வந்ததும் ஞானசீலன் தாழ்ந்த குரலில் பேச ஆரம்பித்தான். "இது யாருக்கும் தெரியக் கூடாது. ஆம்பளன்னு தோட்டம் பூராவும் சொல்லியாச்சு. கோயில்லயும் சூசைன்னு பேரு குடுத்தாச்சு. அப்படியே இருக்கட்டும்." நேசராணி பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு நின்றாள். அவளும் அதற்குச் சம்மதித்துவிடுவாள் என்றுதான் எனக்குப் பட்டது. வேறு என்ன செய்வாள்?

"உங்கட அண்ணி அதக் குடிக்கிறத நிப்பாட்டிட்டாங்கதானே?" என்று காமில் கேட்டார்.

ஞானசீலன் தலையைக் குனிந்துகொண்டான். "சொன்னேங்க. நம்பல. ஒம் பொஞ்சாதிக்கு மட்டும் ஆம்பளப் புள்ள வேணும், எனக்கு வேணாமான்னு சண்டைக்கு வந்துட்டாங்க. இன்னமும் திங்கிறாங்க."

நேசராணி அவனை ஒரு தடவை பார்த்தாள். பிறகு பஸ் நிற்கும் பக்கம் நடக்கத் தொடங்கினாள். நாங்களும் பின்னால் போனோம்.

லயத்து வாசலில் பெண்கள் கூடிவிட்டார்கள். "வாடா ராசா, வாடா எங்க தொர" என்று ஆளுக்கு ஆள் பிள்ளையின் கன்னத்தைக் கிள்ளினார்கள். ஞானசீலன் தண்ணீர் விழும் பீலியோரம் நின்றுவிட்டான். நேசராணி யாரிடமும் நிற்காமல் நேரே றீட்டாவின் வீட்டுக் காம்பராவுக்குப் போனாள். றீட்டா வாசற்படியில் நின்றாள். வயிறு இன்னும் வெளியே தெரியவில்லை.

"அக்கா, அந்த மாத்திரையக் குடுங்க."

"ஒனக்குக் கெடச்சிருச்சு. எனக்குக் கெடச்சா ஒனக்கு என்ன வலிக்குது?"

நேசராணி பிள்ளையின் துணியை அவிழ்த்தாள். எல்லோரும் பார்க்கும்படியாகவே அவிழ்த்தாள். "நல்லாப் பாருங்க. இது பொண்ணு. டொக்டரம்மா சொல்லிட்டாங்க. அந்த மாத்திரதான் இப்படி ஆக்கிருச்சு. மொதலாளியும் அக்காவும் அதுக்குத்தான் கூட வந்திருக்காங்க, வேணும்னா கேளுங்க."

காமில் "ஓம்" என்று தலையாட்டினார். பெண்களின் கொஞ்சல் பட்டென்று நின்றது. றீட்டா குனிந்து பார்த்தாள். நீண்ட நேரம் பார்த்தாள். அவள் பயந்துவிடுவாள், அலறுவாள் என்று நான் எதிர்பார்த்தேன். அவள் நிமிர்ந்து, தணிந்த குரலில், ஏதோ சேலையின் விலையைப் பேசுவது போலச் சொன்னாள்:

"பாக்க பையன் மாதிரிதானே இருக்கு. அப்படியே சொல்லிக்கிட்டா யாருக்குத் தெரியப் போவுது?"

ஆஸ்பத்திரியில் கேட்டதைவிட இதுதான் என்னை அடித்துப்போட்டது. அவளை அறையலாம் போல இருந்தது. என் கண்ணும் அலுமாரித் தட்டுக்குப் போய் வந்ததே என்று நினைத்ததும் கை எழவில்லை.

நேசராணி கோபப்படவில்லை. பிள்ளையை இரண்டு கைகளாலும் ஏந்தி றீட்டாவிடம் நீட்டினாள்.

"மாதிரி இருந்தாப் போதும்னா, இந்தாங்க. இத எடுத்துக்கங்க. அந்தப் பக்கட்ட என்கிட்டக் குடுங்க."

றீட்டாவின் கைகள் எழவில்லை. ஒரு அடி பின்னால் போனாள். நேசராணி மற்றப் பெண்கள் பக்கம் திரும்பினாள். கொஞ்ச நேரத்துக்கு முன்னால் கன்னம் கிள்ளியவர்கள் நிலத்தைப் பார்த்தார்கள். பீலியோரம் நின்ற ஞானசீலனைப் பார்த்தாள். அவனும் அசையவில்லை. நீட்டிய கைகளில் உடம்பில் துணியில்லாமல் கிடந்த பிள்ளை குளிரில் வீறிட்டு அழத் தொடங்கியது. நான் ஓடிப்போய் வாங்கியிருக்க வேண்டும். என்னாலும் முடியவில்லை.

றீட்டா இடுப்பிலிருந்து உறையை எடுத்து வாசற்படியில் வைத்துவிட்டு உள்ளே போனாள். காமில் பாய்ந்து அதை எடுத்துக்கொண்டார்.

நேசராணி பிள்ளையைத் துணியில் சுற்றி மார்போடு அணைத்துக்கொண்டாள்.

"வாடி" என்றாள். "ஒன்ன இவங்க யாருக்கும் வேணாமாம்."

பிறந்ததிலிருந்து எல்லோரும் "டா" போட்டுக் கொஞ்சிய பிள்ளையை, முதன்முதலில் "டி" என்று கூப்பிட்டவள் அவள்தான்.