நாத்தனார் மோதிரம்

எங்கள் பக்கத்தில் தாலியின் முதல் முடிச்சை மாப்பிள்ளை போடுவார். மற்ற இரண்டையும் அவருடைய அக்காவோ தங்கையோ போடுவாள். அதற்குப் பெண் வீட்டார் அவளுக்கு மோதிரம் போட வேண்டும். யாரும் கேட்டு வாங்குவதில்லை, யாரும் கொடுக்காமல் விடுவதும் இல்லை. என் கல்யாணத்தில் ஜெயமுருகனின் அக்கா தமயந்திக்கு அப்பா போட்ட அந்த மோதிரம்தான் பின்னால் போலீஸ் புகாரில் 'மிரட்டிப் பறித்த நகை' ஆனது.

புகாரைச் சொன்னது நான், எழுதியது எங்கள் ஊரான பழனியில் இருந்த வக்கீல். யாருக்கு என்ன போட்டீர்கள் என்று கேட்டார். எனக்கு அப்போது எதுவும் உறைக்காத நேரம். கேட்டதற்கெல்லாம் பதில் சொன்னேன்.

"புருசன், மாமியா, நாத்தனா மூணு பேரும் உள்ள இருந்தாத்தான் கேஸு நிக்கும்" என்றார். அப்பா தலையாட்டினார். வாசிக்காமலே கையெழுத்துப் போட்டேன்.

கொடைக்கானல் மலைமேல் போளூரில், புகுந்த வீட்டில் நடந்ததை நீட்டிச் சொல்ல எனக்குத் தெம்பில்லை. காய்கறி ஏற்ற வண்டி வாங்க வேண்டும், உன் அப்பனிடம் பணம் வாங்கி வா என்றார்கள். பழனி மலை அடிவாரத்தில் பூக்கடை வைத்திருக்கும் அப்பா எங்கே போவார்? ஜெயமுருகன் அடித்தான். மாமியார் கொட்டுகிற பனியில் என்னை வெளியே தள்ளிக் கதவைச் சாத்தினாள். ஊர்க்காரர்கள் அவரவர் சோலியைப் பார்த்தார்கள். பக்கத்து ஊரான கவுஞ்சியில் வாழ்க்கைப்பட்டிருந்த தமயந்திதான் வந்து தம்பியின் கையைப் பிடித்துத் தடுத்தாள். என்னைப் பழனிவரை கூட்டிவந்து விட்டவளும் அவள்தான்.

அவள் அங்கன்வாடியில் வேலை பார்க்கிறாள். தண்டனை என்று வந்தால் வேலை போகும், ஜெயிலுக்கும் போக வேண்டும்.

நான் சாட்சி சொல்ல வேண்டிய நாளில் கொடைக்கானல் கோர்ட் வாசலில் பழனி வக்கீல் என்னை ஒதுக்குப்புறமாகக் கூப்பிட்டார். "நாத்தனாவும் கேட்டான்னு சொல்லிரும்மா. ஒண்ணு பொய்யின்னா எல்லாம் பொய்யின்னுருவாங்க."

கூண்டில் ஏறினேன். எதிர்த்தரப்பு வக்கீல் நேராக மோதிரத்துக்கு வந்தார். "இதத் தமயந்தி கேட்டு வாங்குனாங்களா?"

"இல்லைங்க. முறைக்கு நாங்களாப் போட்டது."

"அப்ப புகார்ல இருக்கிறது பொய்."

"அது பொய்ங்க. மத்ததெல்லாம் நெசம்."

"நெசம்னா, பாத்தவங்க யாரு?"

"எங்க மதினி தமயந்திதாங்க" என்றேன்.

"மூணாவதா குத்தம் சாட்டியிருக்கீங்களே, அவங்களா?" என்று கேட்டுவிட்டு அவர் உட்கார்ந்துகொண்டார்.

கண்ணால் பார்த்ததைச் சொல்லக்கூடிய ஒரே ஆளை நாங்களே குற்றவாளிகளோடு நிறுத்தியிருந்தோம். அவளை என் பக்கத்துச் சாட்சியாகக் கூப்பிட வழியில்லை என்பது எனக்கு அப்போதுதான் தெரிந்தது. தெரிந்தும் மனசில் ஒன்றும் ஓடவில்லை. தண்ணீர் குடித்துவிட்டு இறங்கினேன்.

சில மாதம் கழித்துத் தீர்ப்பு வந்தது. நிரூபிக்கவில்லை என்று மூன்று பேரையும் விட்டுவிட்டார்கள். ஜெயமுருகன் தன் அம்மாவை ஜீப்பில் ஏற்றிக்கொண்டு போனான். போகும்போது என்னைப் பார்த்துச் சிரித்தான். எனக்குக் கோபம்கூட வரவில்லை.

தமயந்தி மட்டும் அவர்களோடு ஏறாமல் எங்களிடம் வந்தாள்.

"நீங்க கேஸு குடுக்கப் போறீங்கன்னதும் ஒங்கப்பாவுக்குப் போன் போட்டேன், தேவசேனா. எங்கம்மாவுக்கும் தம்பிக்கும் எதிரா நானே வந்து சாட்சி சொல்றேன், கூப்புடுங்கன்னேன். ஒனக்குத் தெரியாதா?"

நான் அப்பாவைப் பார்த்தேன்.

"அந்த வீட்டுப் பொம்பளய எப்பிடித்தா நம்புறது? அதான் அவ பேரையும் சேக்கச் சொன்னேன்" என்றார்.

ஜெயமுருகன் மேல் இத்தனை நாளாக வராத வெறுப்பு, அந்த இடத்தில், எனக்கு அப்பாவின் மேல் வந்தது.