மூத்தவள் நீட்டாத வயலின்

மூத்தவளுக்கு அன்றைக்கு இசைக்குழுவில் வயலின்காரர்களுக்குத் தலைமையான முதல் நாற்காலி. ஊருக்கு அது பெருமை, அவளுக்கோ ஆறுதல் பரிசு. தனியாக முன்னால் நின்று வாசிக்கும் இடத்துக்கு அக்காவும் தங்கையும் போட்டி போட்டு, தங்கை ஜெயித்துவிட்டாள். "யார் வாசிச்சா என்ன, ரெண்டும் நம்ம பிள்ளைங்கதானே" என்றார்கள் வீட்டில். சொல்கிறவர்களுக்கு என்ன, வாய்க்கு வாடகையா கொடுக்கிறார்கள்? சின்னவள் நன்றாக வாசித்தால் தன் பள்ளியில் சேர்த்துக்கொள்வதாகச் சொல்லி, வெளியூர் மாஸ்டர் ஒருவர் வேறு வந்து உட்கார்ந்திருந்தார்.

சின்னவள் வில்லை எடுத்ததும் இசைக்குழு மொத்தமும் அவள் பின்னால் போனது. மூத்தவளுக்கே மெய்சிலிர்த்தது. அதுதான் இன்னும் எரிச்சல்.

பாதியில் சின்னவளின் கம்பி படீரென்று அறுந்தது.

இசைக்குழுக்களில் இதற்கு ஒரு வழக்கம் உண்டு. முன்னால் நிற்பவருக்குக் கம்பி அறுந்தால், முதல் நாற்காலிக்காரர் கண் மூடித் திறப்பதற்குள் தன் வயலினை நீட்டிவிட வேண்டும். வாசிப்பு நிற்கக்கூடாது. ஒத்திகைக்கு வரும் பொடிசுகளுக்கும் தெரிந்த விஷயம் இது.

சின்னவள் கை நீட்டினாள். மூத்தவளின் வயலின் தோளைவிட்டு இறங்கவில்லை. கொஞ்சம் திண்டாடட்டுமே என்றது பாழாய்ப்போன மனசு. பக்கத்து நாற்காலிக்காரிதான் பதறிப்போய்த் தன்னுடையதைக் கொடுத்தாள். அதற்குள் சின்னவள் வாசிக்க வேண்டிய இடம் தாண்டிப் போயிருந்தது. பழகாத வயலினில் தட்டுத்தடுமாறி எப்படியோ முடித்தாள். மாஸ்டர் யாரிடமும் பேசாமல் எழுந்து போய்விட்டார்.

கடைசி வரிசையில் இருந்த அம்மா, மேடைக்குப் பின்னால் ஓடிவந்தாள். "ஏண்டி, அக்காவோடதை வாங்கியிருக்கலாம்ல?"

"அவ நீட்டினாம்மா. நான்தான் பதட்டத்துல கவனிக்கல" என்றாள் சின்னவள்.

அம்மா மூத்தவளின் தலையைத் தடவிக் கொடுத்தாள். 'இல்லம்மா' என்று சொல்ல வாய் வரைக்கும் வந்தது. சொல்லத் துணியவில்லை அவள். அம்மா தண்ணீர் எடுக்கப் போனதும் தங்கையிடம் கேட்டாள்.

"ஏன்டி அப்படிச் சொன்ன?"

"பின்னே என்ன சொல்றது? அம்மாவுக்கு நாளைக்கும் ரெண்டு பொண்ணு வேணும்ல."

மூத்தவள் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். "என்னைத் திட்டிடுடி. ரெண்டு அறைகூட வை."

சின்னவள் திட்டவில்லை. பெட்டியை மூடிக்கொண்டு, அம்மா வந்ததும் அவளோடு முன்னால் நடந்தாள்.