அடுத்த வீட்டில் கேட்ட சிரிப்பு

மகள் மரகதத்துக்கு இப்படி வாய்விட்டுச் சிரிக்கத் தெரியும் என்பதே குணசுந்தரிக்கு அன்றுதான் தெரிந்தது. அதுவும் சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து.

சுரங்கத் தொழிலாளர்கள் குடியிருக்கும் ஸ்கெலட்டன் லைனில் ஒரு வீட்டுக்கும் அடுத்த வீட்டுக்கும் நடுவே இருப்பதெல்லாம் மூங்கில் தட்டியும் அதன்மேல் பூசிய மண்ணும்தான். அங்கே மிளகாய் வறுத்தால் இங்கே தும்மல் வரும். அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்த குணசுந்தரி முறத்தைக் கீழே வைத்துவிட்டுக் காதைக் கொடுத்தாள். ரத்தினம்மா ஏதோ கதை சொல்கிறாள். அவள் மகள் மல்லிகா சிரிக்கிறாள். அந்தச் சிரிப்பையும் மீறிக்கொண்டு மரகதம் சிரிக்கிறாள், விக்கல் எடுக்கும் அளவுக்கு.

"பெரீம்மா, இன்னொரு தபா சொல்லுங்க!"

வீட்டில் கேட்ட கேள்விக்குத் தலையை மட்டும் ஆட்டுகிற பெண். ஒன்பது வயதுக்குள் முதுகு வளைந்து, சுவரோரமாகவே நடக்கப் பழகியவள். அவளுக்கு அங்கே குரல் எங்கிருந்து வந்தது? பெரீம்மாவாம், பெரீம்மா! ரத்தினம்மா குணசுந்தரிக்கு அக்காவும் இல்லை, ஒன்றுவிட்ட உறவும் இல்லை. அவள் புருஷனும் குணசுந்தரியின் புருஷன் பெருமாளைப் போலவே நந்திதுர்க் சுரங்கத்தில் கேஜ் என்கிற இரும்புக் கூண்டில் இறங்கி ஏறுகிறவன்தான். அதே ரேஷன் அரிசி, அதே தகரக் கூரை. அப்படியிருக்க அந்த வீட்டில் மட்டும் என்ன கொட்டிக் கிடக்கிறது?

பிள்ளையை வளர்க்கவும் ரத்தினம்மாவுக்குத் தெரியாது என்பது குணசுந்தரியின் தீர்மானம். போன பரீட்சையில் மல்லிகா கணக்கில் கோட்டைவிட்டு அழுதுகொண்டு வந்தபோது, முதுகில் நாலு வைப்பாள் என்று சுவருக்கு இந்தப் பக்கம் காத்திருந்தாள். கேட்டதோ வேறு. "அழுது முடிச்சுட்டு வா. எந்தக் கணக்கு புரியலன்னு பாக்கலாம்." இப்படிச் செல்லம் கொடுத்தால் பிள்ளைக்கு ரோஷம் எங்கிருந்து வரும்?

குணசுந்தரிக்கு ரோஷம் வந்த விதம் வேறு. சின்ன வயதில் பக்கத்து வீட்டுக் கொய்யாவைப் பறித்ததற்காக, அவள் அம்மா கழுத்தில் செருப்பைக் கட்டி வாசலில் நிற்க வைத்திருக்கிறாள். போகிறவர் வருகிறவரெல்லாம் பார்த்தார்கள். அதற்குப் பிறகு அடுத்தவர் பொருளைத் தொட்டதில்லை. அடுத்தவர் முகத்தை நிமிர்ந்து பார்க்கவும் வெகுநாள் பிடித்தது. அந்த இரண்டாவது விஷயத்தை அவள் கணக்கில் சேர்ப்பதில்லை.

போன மழைக்காலத்திலிருந்து மரகதம் படுக்கையை நனைக்க ஆரம்பித்தபோது அவளுக்குத் தெரிந்த வைத்தியம் அது ஒன்றுதான். நனைந்த துணியைப் பின்கட்டில் போடாமல் வாசல் கொடியில் விரித்தாள். குழாயடியில் குடம் வைத்துக்கொண்டு நின்ற பெண்களிடம் சத்தமாகவே சொன்னாள்.

"பாருங்கடி, கல்யாணத்துக்கு நிக்கற பொண்ணு செய்யற வேலைய! தொட்டில் கட்டணுமாம் இவளுக்கு."

சிரித்தார்கள். கங்கம்மா எல்லாரையும்விட உரக்கச் சிரித்தாள். குடத்தைப் பிடித்துக்கொண்டு நின்ற மரகதம் தன் கால் விரல்களையே பார்த்துக்கொண்டிருந்தாள். ரத்தினம்மா மட்டும் சிரிக்கவில்லை. "கொடம் நெறஞ்சிடுச்சு, தூக்கும்மா" என்றாள், வேறெதுவும் காதில் விழாதவள் போல.

சில வாரங்களில் படுக்கை நனைவது நின்றது. காலையில் பாய் சுருட்டி வைத்திருக்கும், துணி மடித்திருக்கும். "ரோஷம் வந்துடுச்சு பாத்தியா" என்று குணசுந்தரி பெருமாளிடம் பெருமையடித்துக்கொண்டாள். ராத்திரி ஷிப்டு முடிந்து கண்ணெரிச்சலோடு உட்கார்ந்திருந்த அவன், "பொண்ணு மொகத்துல ரத்தமே இல்லியேடி" என்று மட்டும் சொன்னான்.

ஒருநாள் விடிகிற நேரத்தில் விறகெடுக்கப் பின்பக்கம் போனவள் அப்படியே நின்றுவிட்டாள். தன் பழைய நீலப் புடவையைக் கிழித்துத் தைத்த விரிப்பு அது. ஒரு முனையை மரகதமும் மறுமுனையை ரத்தினம்மாவும் பிடித்துக்கொண்டு எதிரும் புதிருமாக முறுக்கிப் பிழிந்துகொண்டிருந்தார்கள். தண்ணீர் காலில் தெறித்ததும் இரண்டு பேருக்கும் சிரிப்பு. குளிரில் அந்தச் சிரிப்பு புகை புகையாக வந்தது.

நனைத்துக்கொண்டுதான் இருக்கிறாள். தன்னிடம் மறைத்திருக்கிறாள். அவளிடம் சொல்லியிருக்கிறாள்.

அன்றைக்குக் குழாயடியில் குணசுந்தரி ரத்தினம்மாவை விட்டுவைக்கவில்லை.

"இன்னாக்கா, சொந்தமா ஒண்ணு பெத்தது பத்தலியா? ஊரான் வூட்டுப் பொண்ண எதுக்கு வளைச்சுப் போடற? அம்மாகிட்ட மறைக்கறதுக்குப் பாடம் நடத்தறியா?"

பெண்கள் குடத்தை விட்டுவிட்டு வேடிக்கை பார்த்தார்கள். ரத்தினம்மா திருப்பி ஏதாவது சொல்வாள், சொன்னால் மயிரைப் பிடித்துவிடலாம் என்று குணசுந்தரிக்குக் கை பரபரத்தது. ரத்தினம்மா அவள் மணிக்கட்டைப் பிடித்தாள்.

"உள்ள வா குணா. இங்க வேணாம். கேக்கறதெல்லாம் உள்ள வந்து கேளு."

உள்ளே போனதும் கதவைச் சாத்திவிட்டு ரத்தினம்மா சொன்னாள். "போன மழையில சுரங்கத்துல பாறை வெடிச்சு ஏர்பிளாஸ்ட் வந்து நம்ம வூடெல்லாம் ஆடிச்சே, ஞாபகம் கீதில்ல? அன்னைக்கு யாரோ அவகிட்ட சொல்லிகீறாங்க, உங்கப்பன் இந்த வூட்டுக்கு நேர் அடியிலதான் பாறை வெட்டறான்னு. தூங்கிட்டா பூமி சரிஞ்சு அப்பன் மேல வுழுந்துடும்னு புள்ள முழிச்சுகினே கெடக்குது. விடியற நேரம் அசந்து போவுது. அப்பதான் நனைச்சுடுது. ஒடம்பு செய்யற வேலைடி. அவ செய்யற தப்பில்ல."

"உனுக்கு எப்படித் தெரியும்?"

"கேட்டேன். சொன்னா."

இதைவிட அவள் அறைந்திருக்கலாம். ஆத்தாளுக்குத் தெரியாத பயம் அடுத்த வீட்டுக்காரிக்குத் தெரிந்திருக்கிறது. பெற்றது தான், ஜுரத்தில் மடியில் போட்டுக்கொண்டு விழித்திருந்தது தான். ஒரு கேள்வி கேட்டு மொத்தத்தையும் தட்டிக்கொண்டு போய்விட்டாள் இவள். குணசுந்தரி கதவைத் திறந்துகொண்டு வெளியே வந்தாள். அன்றிலிருந்து மரகதம் அந்த வீட்டு வாசலை மிதிக்கக் கூடாது என்று சொல்லிவிட்டாள். பெண் அதற்கும் தலையை ஆட்டினாள். சுவருக்கு அந்தப் பக்கம் சிரிப்பு குறைந்தது. இந்தப் பக்கம் வரவில்லை.

பெருமாள் பகல் ஷிப்டில் இறங்கியிருந்த ஒரு நாள் மத்தியானம், பூமிக்கடியில் ஏதோ உருண்டது போலிருந்தது. அடுத்த கணம் வீடு குலுங்கியது. அலமாரியிலிருந்து கண்ணாடி டம்ளர்கள் கொட்டின, தகரம் தடதடத்தது. ஏர்பிளாஸ்ட்! குணசுந்தரி அடுப்படியிலிருந்து "மரகதம்!" என்று கத்திக்கொண்டு இரண்டு கையையும் நீட்டினாள். மூலையில் உட்கார்ந்திருந்த பெண் எழுந்தாள், அம்மாவின் கைகளைப் பார்த்தாள், வாசலைத் தாண்டி அடுத்த வீட்டுக்கு ஓடினாள்.

நீட்டிய கை அந்தரத்திலேயே நின்றது. பின்னாலேயே ஓடினாள். ஆத்திரமா பயமா என்று அவளுக்கே தெரியவில்லை. ரத்தினம்மாவின் இடுப்பைக் கட்டிக்கொண்டு நின்ற மரகதம் அம்மா வருவதைக் கண்டதும் ஒடுங்கினாள். அவள் பாவாடை முன்பக்கமெல்லாம் நனைந்து, காலடி மண்ணில் ஈரம் இறங்கிக்கொண்டிருந்தது. லைனே தெருவுக்கு வந்திருந்தது. சுரங்கத்து விபத்துச் சங்கு ஊதுமா என்று எல்லாரும் அந்தப் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தார்கள். இன்னும் யாரும் பெண்ணைக் கவனிக்கவில்லை.

குணசுந்தரி மகளின் கண்ணைப் பார்த்தாள். பூமி குலுங்கியபோது இருந்த பயம் அதில் இல்லை. அது போய்விட்டது. இப்போது இருப்பது தன்னைப் பார்த்து வந்த பயம். கழுத்தில் செருப்போடு நின்றபோது அவளும் தன் அம்மாவை அப்படித்தான் பார்த்திருப்பாள்.

"இன்னாடி அது, பாவாடை..." என்று கங்கம்மா திரும்பினாள்.

ரத்தினம்மா வீட்டு வாசலில் நிறைகுடம் இருந்தது. குணசுந்தரி அதை வாரித் தூக்கினாள். தடுக்கிவிட்டவள் போல மகள் மேலேயே சாய்ந்தாள். தண்ணீர் முழுவதும் மரகதத்தின் தலைமேலும் குணசுந்தரி மேலும் கொட்டியது. குடம் உருண்டு கங்கம்மாவின் காலில் போய் முட்டியது.

"ஐயோ, கண்ணு தெரியலியா உனுக்கு? ரெண்டு நாளைக்கொருக்கா வர்ற தண்ணியடி!" என்று கத்தினாள் கங்கம்மா.

"கையும் காலும் ஆடிப்போச்சுக்கா. கொடத்தத் தாங்க முடியல."

"சின்னப் பொண்ணுகூட பயப்படல, பெரிய பொம்பள இப்படி நடுங்கறா பாரு!" என்று யாரோ சொல்ல, அந்தப் பதற்றத்திலும் நாலு பேர் சிரித்தார்கள். புடவை உடம்போடு ஒட்ட, முடி முகத்தில் வழிய, குணசுந்தரி தெரு நடுவில் நின்றாள். காது மடல் சுட்டது. சிரிக்கட்டும் என்று நின்றாள். ரத்தினம்மா அவளை ஒருதரம் பார்த்துவிட்டுக் கீழே குனிந்து குடத்தை நிமிர்த்தினாள்.

சங்கு ஊதவில்லை. பாறை சரிந்தது ஆளில்லாத லெவலில் என்று கொஞ்ச நேரத்தில் செய்தி வந்தது.

வீட்டுக்குள் மகளுக்கு வேறு பாவாடை கட்டிவிட்டாள். தலை துவட்டும்போது துண்டுக்குள்ளிருந்து குரல் வந்தது.

"நீ வேணும்னுதானே கொட்டின?"

"ஆமா."

"எதுக்கு?"

"யாரும் பாக்க வேணாம்னுதான்."

மரகதம் துண்டை விலக்கித் தலையை வெளியே எடுத்தாள். பிறகு, "பெரீம்மா வூட்டுக்குப் போவட்டா?" என்றாள்.

பல்லைக் கடித்துக்கொண்டு, "போய்ட்டு வா" என்றாள். பெண் ஓடினாள். சற்று நேரத்தில் சுவருக்கு அந்தப் பக்கம் அந்தச் சிரிப்பு கேட்டது. குணசுந்தரி உடைந்த டம்ளரைப் பொறுக்கிக்கொண்டே அழுதாள்.

அந்த வாரமே பெருமாளைப் பிடித்து உட்கார வைத்து மகளின் பயத்தைச் சொன்னாள். அவன் மகளை வாசலுக்குக் கூட்டிப்போய், தான் இறங்குகிற ஷாஃப்ட் எங்கே, வேலை செய்கிற இடம் எங்கே என்று கைநீட்டிக் காட்டினான். "நம்ம வூட்டுக்கடியில இல்லம்மா, தோ, அந்தப் பக்கம்." மரகதம் நம்பினாளா இல்லையா என்று தெரியவில்லை. அவன் ஷிப்டுக்குப் போகும்போதெல்லாம் அந்தப் பக்கமே பார்த்துக்கொண்டு நிற்பாள். குணசுந்தரி பக்கத்தில் போய் நிற்பாள். ஏதாவது கேட்பாள். பாதி நாள் பதில் வராது. "பெரீம்மாகிட்ட சொன்னேனே" என்று ஒருநாள் வந்தது. "எங்கிட்டயும் சொல்லேன்" என்று கெஞ்ச வேண்டியிருந்தது.

ஒரு மாசம் கழித்து ஒரு விடியற்காலையில் யாரோ தோளைத் தொட்டார்கள். கண் விழித்தாள். மரகதம் குந்தியிருந்தாள்.

"அம்மா. ஈரமாயிடுச்சு."

தன்னிடம் வந்து சொல்கிறாள். பக்கத்து வீட்டுக் கதவைத் தட்டவில்லை.

"பரவால்ல, எந்திரி. எம்பக்கத்துல வந்து படு. அப்புறம் பாத்துக்கலாம்."

அன்று குழாயடியில் ரத்தினம்மாவுக்குப் பின்னால் நின்றபோது குணசுந்தரிக்கு நாக்கு துடித்தது. பாத்தியாக்கா, இன்னைக்கு எங்கிட்ட வந்து சொன்னா, உங்கிட்ட இல்ல. தொண்டை வரைக்கும் வந்துவிட்டது. இவளிடம் இந்த ஒன்றையாவது ஜெயிக்க வேண்டும் போலிருந்தது. ஆனால் சுற்றிலும் ஆட்கள் இருந்தார்கள். சொன்னால் மகளின் படுக்கை மறுபடி தெருவுக்கு வரும்.

"இன்னா குணா, மொகம் ஒரு தினுசா கீது?" என்றாள் ரத்தினம்மா.

"ஒண்ணுமில்லக்கா" என்று சொல்லிவிட்டு, குடத்தைக் குழாய்க்கடியில் தள்ளினாள்.