மெர்வின் பேசாத பதினோரு வரி

கிளெனிஸ் ஹாக்கிங் முப்பத்தொரு வருடமாகச் சினிமாவில் கன்டினியூட்டி பார்க்கிறாள்; ஒரு ஷாட்டுக்கும் அடுத்ததுக்கும் எதுவும் மாறாமல் கவனிக்கும் வேலை. யார் எந்தக் கையில் கோப்பையைப் பிடித்தார்கள், யார் எந்தச் சொல்லை விழுங்கினார்கள் என்பதெல்லாம் அன்றன்றே அவள் அறிக்கையில் ஏறிவிடும். அதில் ஒரு பொய்கூட அவள் எழுதியதில்லை. அதனாலேயே பல பேருக்கு அவளைப் பிடிக்காது. அதனாலேயே எல்லோரும் அவளைத்தான் கூப்பிடுவார்கள்.

இந்த முறை ஆஸ்திரேலியப் பாலைவனத்திலுள்ள கூபர் பீடியில் ஒரு விண்வெளிப் படத்துக்கு வேலை. ஓபல் ரத்தினக்கல்லுக்காகத் தோண்டிப் போட்ட மண்மேடுகள் ஊரைச் சுற்றி வேற்றுக் கிரகமாகவே கிடப்பதால் செட் போடும் வேலை மிச்சம். ஈக்களுக்கு மட்டும் யாரும் கதையைச் சொல்லவில்லை போலும். காற்றே இல்லாத கிரகத்தில், படப்பிடிப்புக்காகக் கண்ணாடி கழற்றிய ஹெல்மெட்டுக்குள் புகுந்து விண்வெளி வீரனின் மூக்கில் உட்கார்ந்து இதுவரை பதினான்கு டேக்கைக் கெடுத்திருந்தன.

அந்த வீரன் மெர்வின் டிரெகென்ஸா, எழுபத்தாறு வயது. கடைசிக் காட்சியில் அந்தக் கிரகத்தில் தனியாக விடப்பட்டுச் சாக வேண்டும். சாகும் முன் பதினோரு வரி பேச வேண்டும். மனிதகுலம், நட்சத்திரம், தூசி, தனிமை என்று ஒன்று பாக்கியில்லாமல் அதில் உண்டு. எழுதியவனுக்கு இருபத்தெட்டு வயது.

மூன்று மணி நேர நாடகங்களைத் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொன்ன மனிதர் மெர்வின். இந்த இரண்டு வாரமாக அவருக்கு நான்கு வரி நிற்கவில்லை. வசனம் மறந்தால் நடிகர் கன்டினியூட்டி பார்ப்பவளைத் திரும்பிப் பார்ப்பார், அவள் முதல் சொல்லை எடுத்துக் கொடுப்பாள். தொழிலில் இது சாதாரணம். ஆனால் முதல் சொல்லைக் கொடுத்தாலும் இவருக்கு இரண்டாவது சொல் வருவதில்லை.

காலையில் தயாரிப்பாளர் பிரிஜிட் வந்து கிளெனிஸின் நாற்காலிக்குப் பக்கத்தில் நின்றாள்.

“இன்னிக்கும் அவர் தடுமாறினா அப்படியே எழுதிடு, கிளென். இன்ஷூரன்ஸ்காரங்க உன் அறிக்கையைத்தான் கேக்கறாங்க. ஹெல்மெட்டுக்குள்ள வேற முகத்தை வெச்சு முடிச்சிடலாம்னு சிட்னி ஆபீஸ்ல சொல்லிட்டாங்க.”

“அவர்கிட்ட சொன்னீங்களா?”

“சொன்னா மிச்சமும் மறந்துடும்.”

கிளெனிஸுக்குக் கோபம் வந்தது. பிரிஜிட் சொன்னதில் தப்பில்லை என்பதால் அது இன்னும் கூடியது.

நான்கு மணிக்கு வெயில் சாய்ந்தபோது ஷாட் தயாரானது. மெர்வின் மண்மேட்டில் சாய்ந்து உட்கார்ந்தார். இயக்குநர் லாக்லன் கையசைத்தான். முதல் வரி வந்தது. பிறகு ஒன்றும் வரவில்லை. அவர் பார்வை கேமராவைத் தாண்டி கிளெனிஸைத் தேடி வந்தது. அவள் வாயைத் திறந்தாள். எடுத்துக் கொடுத்தால் அது தடுமாற்றக் கணக்கில் சேரும், அதை எழுதியாக வேண்டும். வாயை மூடிக்கொண்டாள்.

அவர் வெகுநேரம் பார்த்துக்கொண்டே இருந்தார். முகத்திலிருந்த பயம் மெல்ல மெல்ல அடங்கியது.

“நான் இங்க எதுக்கு வந்தேன்னு மறந்துபோச்சு,” என்றார். “ஆனா வந்தது நல்லதுதான்.”

லாக்லனுக்கு ‘கட்’ சொல்லவே தோன்றவில்லை. பிறகு சொல்லிவிட்டு, தரையில் இருக்கும் ஆழமான ஓபல் சுரங்கக் குழிகளைப் பார்க்காமல் அவரிடம் ஓடினான். அந்த ஊர்க்காரர்கள் யாரும் அப்படி ஓடமாட்டார்கள்.

“மெர்வ், அந்தப் பதினோரு வரியும் வேண்டாம். இதுதான் படமே. மனுஷன் இவ்ளோ தூரம் வந்துட்டான், எதுக்குன்னு அவனுக்கே தெரியல. மொத்த மனித இனமும் இந்த ரெண்டு வரிக்குள்ள இருக்கு. நீங்க அதைத்தானே நினைச்சீங்க?”

“ஏறக்குறைய,” என்றார் மெர்வின். தேர்ந்த நடிகர்.

கேமராக்காரர் அது கடவுளைப் பற்றிய வசனம் என்றார். மேக்கப் போடும் பெண் அது கல்யாணத்தைப் பற்றியது என்றாள்.

“இதையே முகத்துக்கு நெருக்கமா இன்னொரு தடவை எடுக்கணும். ஒரு சொல்லும் மாறக்கூடாது. கிளென், எழுதிக்கிட்டீங்கல்ல?” என்றான் லாக்லன்.

எழுதியிருந்தாள். ‘மறந்தார்’ என்று வரவேண்டிய இடத்தில் ‘வசனம் மாற்றப்பட்டது, நடிகரின் யோசனை’ என்று எழுதியிருந்தாள்.

கேமராவை மாற்றி வைக்க இருபது நிமிடம் ஆனது. பிரிஜிட் குடை நிழலில் நின்று பார்த்துக்கொண்டே இருந்தாள். மெர்வின் கிளெனிஸைத் தலையசைத்துக் கூப்பிட்டார்.

“அம்மாடி, இப்ப என்ன வசனம்?”

அவள் தணிந்த குரலில் படித்தாள். அவர் கண்ணை மூடிக் கேட்டார், இன்னொரு தடவை படிக்கச் சொன்னார். அந்த வார்த்தைகள் அவருக்குப் புதிது என்பது முகத்திலேயே தெரிந்தது.

“நல்லாருக்கே. யாரு எழுதினது?”

‘நீங்கதான்’ என்பது நாக்கு வரை வந்துவிட்டது. சற்றுமுன் தானே சொன்னது நினைவில்லை என்று தெரிந்தால் மனிதர் உடைந்துபோவார். உடைந்தால் பிரிஜிட் பார்ப்பாள். அவருடைய சொல்லை அவரிடமிருந்தே பிடுங்குகிறோம் என்று தெரிந்தேதான் கிளெனிஸ் சொன்னாள்.

“நம்ம எழுத்தாளர்தான். காலையில மாத்திக் கொடுத்தாரு.”

முதல் பொய்யை விட இது வலித்தது.

டேக் ஒரே தடவையில் முடிந்தது. ஒரு சொல்லும் பிசகவில்லை, ஒரு ஈயும் வரவில்லை. பிரிஜிட் சிட்னிக்குப் போன் செய்து, வேறு ஆள் தேவையில்லை என்றாள். எல்லோரும் கைதட்டினார்கள்.

கனமான உடையைக் கழற்ற உதவியாளர்கள் வரும்வரை மெர்வின் கிளெனிஸின் தோளைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

“கெட்டிக்காரப் பயதான் அந்த எழுத்தாளன்,” என்றார். “எனக்கு எல்லாம் மறந்துக்கிட்டே போறதை இதுவரைக்கும் ஒருத்தர்கிட்டயும் நான் சொன்னதில்ல. அவனுக்கு எப்படித் தெரிஞ்சுது?”