கடைசிச் சுருளில் ஒரு நடனம்

என்ன படம் எடுக்கிறீர்கள் என்று யாராவது கேட்டால் கால்மான் மழுப்ப மாட்டார். பெரியவர்கள் மட்டும் பார்க்கிற படம்தான், ஆனால் முப்பத்தைந்து மில்லிமீட்டர் ஃபிலிமில் என்பார். தொழிலில் பாதிப் பேர் வீடியோ கேமராவைத் தோளில் தூக்கிக்கொண்டு ஓட்டல் அறையிலேயே காரியத்தை முடித்துக்கொண்டிருந்த தொண்ணூற்றெட்டாம் வருடம் அது. எத்தோரே என்ற இத்தாலியத் தயாரிப்பாளர் மட்டும் மாளிகை, பட்டு உடை, ஃபிலிம் என்று அடம்பிடித்து ஹங்கேரியின் பூடாபெஸ்டுக்கு வந்துகொண்டிருந்தார். கால்மானுக்கு அது போதும். அரசு ஸ்டூடியோவில் இருபத்திரண்டு வருடம் அடுத்தவர் கேமராவுக்கு ஃபோகஸ் பிடித்தே தேய்ந்த மனிதர். ஸ்டூடியோ நொடித்த பிறகுதான் கேமரா அவர் கைக்கு வந்தது. எந்தப் படத்தில் வந்தால் என்ன, வந்ததா இல்லையா?

அந்த அக்டோபரில் வெஸ்ப்ரேமுக்கு வடக்கே ஒரு மாளிகை கிடைத்தது. முன்பு காசநோய் மருத்துவமனை. கூடம் முழுக்கப் பச்சை ஆயில் பெயின்ட். கால்மானும் லைட்மேன்களும் இரண்டு நாள் திரைச்சீலை கட்டி, ஆளுயரக் கண்ணாடிகளைச் சாய்த்து வைத்து, தரைக்கு மெழுகு தேய்த்தார்கள். பிறகு அந்தப் பச்சை மருந்துக்குக்கூடத் தென்படவில்லை. கூடத்தின் நீளத்துக்கு டிராலி தண்டவாளம் போட்டார்கள். பன்னிரண்டு ஜோடிகள், முழு உடையில் நடனம், வெட்டாமல் ஒரே ஷாட். இதை எடுக்கத்தான் தான் பிறந்ததே என்று கால்மான் நம்பினார். நம்பட்டுமே, யாருக்கு நஷ்டம்?

கதை நடப்பது பிரெஞ்சு அரசவையில். நடனம் சொல்லித்தர வேண்டியவரோ வரவேயில்லை. கதாநாயகி ஹைனல்கா, மிஷ்கோல்ட்ஸ் ஊர்க்காரி, யோசிக்கவே இல்லை. பள்ளிக்கூடக் கடைசி வருட விழாவில் எல்லோரும் ஆடியாக வேண்டிய பலோத்தாஷ்தான் இருக்கிறதே என்றாள். எத்தோரேவுக்கு ஹங்கேரிய நடனத்துக்கும் பிரெஞ்சு நடனத்துக்கும் வித்தியாசம் தெரியாது. யாரும் சொல்லவும் இல்லை. மூன்று நாள், சாப்பாட்டு இடைவேளையில், ஒரு கையில் கொழுப்பு தடவிய ரொட்டியும் வெங்காயமுமாக ஒத்திகை நடந்தது.

கடைசி நாள் பிற்பகல் மிஞ்சியது ஒரே ஒரு சுருள், நாலு நிமிடத்துக்குக் கொஞ்சம் மேல். எத்தோரே அதைத் தோட்டத்துக் காட்சியின் நெருக்க ஷாட்டுகளுக்குக் கேட்டார். வாங்குகிறவர்கள் கேட்பது அதைத்தான் என்றார்.

"துணி போட்டுக்கிட்டு ஆடுறத எவன்யா பாப்பான்? ரிமோட்ட அமுக்கி ஓட்டிவிட்ருவான்."

"ஓட்டட்டும். ஓட்டுறப்பவும் அழகாத்தான் இருக்கும்," என்றார் கால்மான்.

எத்தோரே சிரித்தார், ஆனால் இறங்கி வரவில்லை. கேமராவைத் தோட்டத்துக்குத் தூக்கச் சொல்லிவிட்டார். கால்மானுக்கு முகம் செத்துப்போனது. முக்காலியின் திருகைத் தளர்த்த ஆரம்பித்தார். அப்போதுதான் பாவாடையை இரண்டு கையாலும் தூக்கிப் பிடித்தபடி ஹைனல்கா குறுக்கே வந்து நின்றாள்.

"சார், இந்தப் படத்துல எங்கம்மா பாக்குற மாதிரி ஒரே ஒரு இடம் இதுதான். எடுங்க."

எத்தோரே அவளையும் கூடத்தையும் மாறி மாறிப் பார்த்தார். ஒரே டேக் என்று விரலைக் காட்டிவிட்டுச் சுவரோரம் போய் நின்றுகொண்டார்.

கேமரா ஓடத் தொடங்கிய பிறகு டேப் ரெக்கார்டர் மக்கர் செய்ததில் அரை நிமிடம் பாழானது. பிறகு இசை எழுந்தது, டிராலி நகர்ந்தது. மேற்கு ஜன்னல்களின் வெயில் கண்ணாடிகளில் பட்டுப் பட்டுத் திரும்ப, ஜோடிகள் வரிசையாக வந்தார்கள். அதுவரை தொழிலுக்கு வந்தவர்களாக இருந்த அத்தனை பேரும் தலையை நிமிர்த்திக்கொண்டு ஆடினார்கள். கால்மானுக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது. கடைசிச் சுற்றில் கேமராவின் சத்தம் மாறியது. சுருள் தீர்ந்து, ஃபிலிமின் வால் உள்ளே படபடவென்று அடித்துக்கொண்டது. அவர் கண்ணை எடுக்கவில்லை. டிராலி தள்ளுகிறவரைத் தள்ளச் சொல்லிக் கையாட்டினார். எல்லோரும் குனிந்து வணக்கம் சொல்லி நிமிர்ந்த பிறகுதான் நிறுத்தச் சொன்னார்.

எத்தோரே பக்கத்தில் வந்தார். "தீர்ந்து அரை நிமிஷம் ஆச்சு. எனக்கும் காது கேக்கும்யா. ஏன் நிறுத்தல?"

"ஆடிக்கிட்டு இருந்தாங்களே."

எத்தோரே சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்துக்கொண்டு, மூச்சு வாங்க நின்ற ஹைனல்காவிடம் போனார்.

"உங்கம்மா பேரு என்ன? நடனம் மட்டும் தனியா ஒரு கேசட் போட்டு அனுப்புறேன். அதுல வேற எதுவும் இருக்காது."

அவள் அம்மாவின் பெயரைச் சொன்னாள். அவருக்கு அது பிடிபடவில்லை என்றதும், ஒவ்வொரு எழுத்தாக, நிறுத்தி நிறுத்திச் சொன்னாள்.